பேனாவும் படக்கருவியும்

"கதை எழுதுகிறவன் தன் கதையைத் தானே படமெடுக்கலாமா?" மந்திர் மார்க்கில் தமிழ்க் கூட்டமொன்று முடிந்து தேநீர் அருந்திக்கொண்டிருந்தபோது நண்பர்களிடையே எழுந்த வினா இது. "கூடாது. சமைப்பவன் வேறு, பரிமாறுபவன் வேறு" என்றார் ஒருவர். எனக்கு ஜெயகாந்தன் நினைவு வந்தது. அன்று சொல்லத் தோன்றாததை இங்கே எழுதுகிறேன்.

ஜெயகாந்தன் 1934-இல் கடலூரில் பிறந்தவர். எங்கள் தென்னார்க்காட்டுக்காரர் என்பதில் எனக்குக் கொஞ்சம் பெருமையுண்டு! பள்ளிப் படிப்பு ஐந்தாம் வகுப்போடு நின்றது. சென்னையில் பொதுவுடைமைக் கட்சியின் அலுவலகமும் அச்சகமுமே அவருடைய கல்லூரிகள். பட்டம் பெற்றவர்கள் எழுதத் தயங்கிய சேரி மக்களின் வாழ்வை அவர் எழுதினார். 'உன்னைப்போல் ஒருவன்' ஆனந்த விகடனில் வெளிவந்தது. தாமே இயக்கி, 1965-இல் அதைத் திரைக்கும் கொண்டுவந்தார். அப்போது அவருக்கு வயது முப்பதுதான்.

கதை எளியது. சேரிச் சிறுவன் சிட்டி. கூலிவேலை செய்யும் தாய் தங்கம். அவள் வாழ்வில் கிளி சோசியக்காரன் மாணிக்கம் வந்து சேருகிறான். தாய் கருவுற்றதும் மகனுக்கு அவமானமும் ஆத்திரமும் மூள்கின்றன. மாணிக்கம் போய்விடுகிறான், தங்கம் குழந்தையைப் பெற்றுவிட்டு இறக்கிறாள். அதுவரை வெறுத்த குழந்தையைச் சிட்டி தன்னதாக ஏற்றுக்கொள்கிறான். இதில் கதாநாயகன் எங்கே, வில்லன் எங்கே? பெரிய நட்சத்திரங்கள் எவருமில்லை. தங்கமாக நடித்தவர் காந்திமதி. இசை வீணைக் கலைஞர் சிட்டிபாபு.

வசூலில் படம் வெல்லவில்லை. ஆயினும், 1964-ஆம் ஆண்டுப் படங்களுக்கான தேசிய விருதுகளில் சத்யஜித் ராயின் 'சாருலதா' முதலிடமும், 'ஹகீகத்' இரண்டாமிடமும் பெற, மூன்றாமிடம் இப்படத்திற்குக் கிடைத்தது.

அந்நாவலைப் பற்றி என் சொந்தச் செய்தி ஒன்று சொல்ல வேண்டும். என் தாயார் தில்லியில் வீட்டுவேலை செய்து என்னைப் படிக்க வைத்தவர். எங்கள் வீட்டுப் பேச்சு சிட்டியின் பேச்சுக்கு அண்டை வீடு. வகுப்பில் ஒருநாள் அது வாயில் வந்துவிட, "இது தமிழா?" என்று கேட்டார்கள். அதன் பின் பல ஆண்டுகள் வெளியிடங்களில் அம்மாவோடு இந்தியில் பேசினேன். நாவலைப் படித்தபோது, அச்செழுத்தில் அந்தப் பேச்சைக் கண்டு புத்தகத்தை மூடிவைத்துவிட்டு வெளியே போய் நின்றேன்.

இத்துணிவு ஜெயகாந்தனுக்கு மட்டும் உரியதன்று. போலந்து நாட்டு நாவலாசிரியர் ததேயுஷ் கொன்விட்ஸ்கி 1958-இல் 'கோடையின் கடைசி நாள்' என்னும் படத்தை எடுத்தார். ஆள் நடமாட்டமற்ற கடற்கரை, இரண்டே நடிகர்கள், விரல்விட்டு எண்ணத்தக்க தொழிலாளர். அது வெனிஸ் விழாவில் பரிசு பெற்றது. அவருடைய 'சால்ட்டோ' வந்த ஆண்டு 1965. ஒருவரையொருவர் அறியாத இவ்விருவரும் 2015-இல் மறைந்தார்கள். ஒரு வேறுபாடு: கொன்விட்ஸ்கி இருந்த நாட்டில் படத்துறை அரசின் கையில் இருந்தது; நம்மவருக்கோ வியாபாரிகளின் சந்தைதான்.

அடுத்து 1966-இல் 'யாருக்காக அழுதான்?' வந்தது. திருட்டுப்பழி சுமக்கும் அப்பாவி ஜோசப்பாக நாகேஷ் நடித்தார். நகைச்சுவைக்கே பெயர்போனவரிடம் அழுகையை ஒப்படைத்தது நல்ல துணிச்சல்.

பிற்காலத்தில் அவர் வழி மாறிற்று. 'அக்கினிப் பிரவேசம்' சிறுகதையில், கெடுக்கப்பட்ட மகளின் தலையில் தாய் நீரை ஊற்றி, நீ தூய்மையானவள் என்று ஏற்றுக்கொள்கிறாள். வாசகர்கள் கொதித்தார்கள். ஏற்காவிட்டால் என்ன ஆகும் என்பதையே அவர் 'சில நேரங்களில் சில மனிதர்கள்' நாவலாக்கினார். அதற்கு 1972-இல் சாகித்திய அகாதெமி பரிசு. அது 1977-இல் படமானபோது திரைக்கதையைத் தாம் எழுதி, இயக்கத்தை ஏ. பீம்சிங்கிடம் விட்டார். லட்சுமி சிறந்த நடிகைக்கான தேசிய விருது பெற்றார். 'ஒரு நடிகை நாடகம் பார்க்கிறாள்' படத்தையும் பீம்சிங்கே இயக்கினார்.

பரிமாறக் கைதேர்ந்தவர் கிடைத்ததும் பந்தி நிறைந்தது உண்மையே; தேநீர்க்கடை நண்பர் இதைத் தம் கட்சிக்கு வைத்துக்கொள்ளலாம். ஆனால் 1965-இல் சிட்டியையும் தங்கத்தையும் திரைக்குக் கொண்டுவர யார் முன்வந்திருப்பார்? எழுதியவனே இலையும் போட வேண்டியிருந்தது.

நாவல் என் விடுதி அறையில் இருக்கிறது. வேண்டும் நண்பர்கள் வாங்கிப் படிக்கலாம்; திருப்பித் தந்துவிட வேண்டும். தீபாவளி விடுமுறையில் அம்மாவுக்கு மீதியைப் படித்துக் காட்ட வேண்டியிருக்கிறது.