பலகையை முதலில் மலையேற்று

சிறுமலை வீட்டுக்கு மரத்தரைதான் என்று முடிவே பண்ணிவிட்டாய். டைல்ஸ் போடு என்று இனி நான் சொல்லிப் பிரயோஜனமில்லை. சரி தங்கச்சி, போடு. ஆனால் எந்தப் பசை நல்ல பசை என்று விசாரிப்பதற்கு முன்னால் ஈரத்தை விசாரி.

மரம் நீளவாக்கில் அவ்வளவாக மாறாது. அகலவாக்கில்தான் ஈரம் குடித்து உப்பும், காய்ந்தால் சுருங்கும். திண்டுக்கல் வெயிலில் குடோனில் காய்ந்து கிடந்த பலகையைப் பதினெட்டு கொண்டை ஊசி வளைவும் ஏற்றி, மேகம் வந்து போகிற வீட்டுக்குள் இறக்கி, மறுநாளே ஒட்டினால் ஒட்டிய பிறகு உப்பும். போக இடமில்லாமல் நடுவில் கூடாரம் மாதிரி தூக்கிக்கொள்ளும். அதனால் ஆசாரிக்கு முன்னால் பலகையை மலையேற்று. போடப்போகிற அறையிலேயே, ரீப்பர் கட்டை மேல், காற்றுப் போக இடைவெளி விட்டு அடுக்கி ஒரு வாரமாவது கிடக்கட்டும். எஞ்சினியர்டு பலகை என்றால் பெட்டியைப் பிரிக்கலாமா கூடாதா என்று பெட்டி மேலேயே எழுதியிருக்கும், அதைப் படி. என்னைக் கேட்டால் மலைக்கு எஞ்சினியர்டுதான். அடுக்குகள் குறுக்கும் நெடுக்குமாக ஒட்டியிருப்பதால் அதிகம் ஆடாது. தேக்குதான் வேண்டுமென்று மாப்பிள்ளை பிடிவாதம் பிடித்தால், மூன்று நாலு அங்குல அகலத்துக்கு மேல் வாங்காதீர்கள்.

அடுத்தது தரை. காங்கிரீட் 28 நாளில் பலம் பெற்றுவிடும், ஆனால் காய்ந்திருக்காது, அதற்கு மாதக்கணக்காகும். ஒன்றரை அடிச் சதுரத்தில் கெட்டி பிளாஸ்டிக் ஷீட்டை வெட்டி, நாலு பக்கமும் டேப் ஒட்டி, ஒரு நாள் முழுக்க விட்டுப் பார். அடியில் முத்து முத்தாக நீர் கோத்திருந்தாலோ, சிமெண்ட் கறுத்திருந்தாலோ அன்றைக்கு வேலை இல்லை. சரிவை வெட்டிக் கட்டிய வீடு உன்னுடையது. மலைப்பக்கச் சுவரோரம் கட்டாயம் ஒரு ஷீட் ஒட்டு. அங்கே மட்டும் எப்போதும் ஈரம் என்றால் முதலில் தண்ணீர் வருகிற வழியை அடைத்து, தரைக்கு ஈரத்தடுப்பு எபாக்ஸி பூசு. கொடைக்கானல், ஊட்டிப் பழைய பங்களாக்களில் பலகையை உத்தரத்தின் மேல் ஆணியடித்து, கீழே காற்றுப் போக விட்டார்கள். நீ சிமெண்ட் மேல் நேரே ஒட்டுகிறாய், அந்தச் சலுகை உனக்கு இல்லை.

ஐப்பசி, கார்த்திகை மழையில் இந்த வேலையே வேண்டாம். மாசி, பங்குனியில் வைத்துக்கொள்.

மட்டப்பலகை வைத்துப் பார்க்கும்போது ஆறடிக்கு மூன்று மில்லிமீட்டருக்கு மேல் பள்ளம் இருக்கக் கூடாது. பெயிண்ட், பட்டி, மெழுகு எதுவும் தரையில் இருக்கக் கூடாது. வழவழ ரெட் ஆக்ஸைடு என்றால் கிரைண்டர் போட்டுச் சொரசொரப்பாக்கச் சொல்.

இப்போது பசை. மரவேலைக்கு வாங்குகிற வெள்ளைப் பசையையே தரை முழுக்க ஊற்றலாம் என்று யாராவது சொன்னால் கேட்காதே. அது தண்ணீரில் கரைத்த பசை. அந்தத் தண்ணீரைப் பலகைதான் குடிக்கும். மரத்தரைக்கென்றே வருகிற பாலியூரிதேன் பசை காய்ந்த பிறகும் கொஞ்சம் இழுபடும், மரம் அசைந்தால் கூடவே அசையும். ஒரு வேடிக்கை, அது காற்றிலுள்ள ஈரத்தை வைத்துத்தான் இறுகும். மேகம் இறங்கிய நாளில் டப்பாவில் போட்ட நேரத்துக்கு முன்னாலேயே மேலே தோல் கட்டிவிடும். தோல் கட்டிய பசையில் பலகை ஒட்டாது. ஆகவே இரண்டு மூன்று வரிசைக்கு வேண்டியதை மட்டும் பல் வைத்த கரணையால் இழுத்து, உடனே பலகையை அழுத்து. எந்த அளவுப் பல் என்று டப்பாவிலேயே இருக்கும். நடுவில் ஒரு பலகையைத் தூக்கி முதுகைப் பார். முழுக்கப் பசை பட்டிருக்க வேண்டும். திட்டுத் திட்டாகப் பட்டிருந்தால் பின்னாளில் நடக்கும்போது டொக் டொக்கென்று சத்தம் வரும்.

சுவரை நம்பி முதல் வரிசை போடாதே, நூல் பிடி. சுற்றிலும் அரை அங்குலம் இடைவெளி, நிலைப்படி ஓரத்திலும்கூட. அதை ஸ்கர்டிங் மறைத்துவிடும். ஆனால் ஸ்கர்டிங்கைச் சுவரில் அடி, பலகையில் அடிக்காதே. பக்கத்துப் பக்கத்து வரிசைகளின் முனைகள் ஓரடியாவது தள்ளி விழட்டும். 120 சதுர அடி அறைக்கு 132 வாங்கு, வெட்டில் போய்விடும். கையுறை போடாமல் இந்தப் பசையைத் தொட்டால் நாள்கணக்கில் போகாது. பலகை மேல் சிந்தினால் ஈரமாக இருக்கும்போதே மினரல் டர்பன்டைன் தொட்ட துணியால் துடை. மூலையில் ஒரு தடவை சோதித்துவிட்டு.

ஒரு நாள் முழுக்க யாரும் மிதிக்க வேண்டாம். பீரோவை இன்னும் இரண்டு நாள் கழித்து நகர்த்து.

அடுக்களையிலும் பாத்ரூமிலும் டைல்ஸே இருக்கட்டும். அம்மா வந்தால் வெள்ளிக்கிழமை வாளித் தண்ணீரோடு நிற்பார்கள். அவர்களுக்கு வாசலையும் திண்ணையையும் விட்டுக்கொடு. உள்ளே நன்றாகப் பிழிந்த துணியால் துடைத்தால் போதும்.