வண்டி வந்துவிட்டால் வழக்கு முடிந்ததா?

“கோர்ட்டே வண்டியைக் கொடுத்துருச்சு சார், அப்புறம் என்ன கேஸ்?”

மதுவிலக்கு வழக்கில் வண்டியைப் பறிகொடுத்தவர்களிடம் இதைக் கேட்டுக் கேட்டுக் காது புளித்துவிட்டது. டீக்கடையில் யாரோ சொல்கிறார், வண்டிக்காரர் நம்புகிறார், அடுத்த மாதமே ஓஎல்எக்ஸில் வண்டியை விற்றுவிடுகிறார். மறுபடி வண்டியை ஆஜர்படுத்தச் சொல்லி சம்மன் வரும்போது வாங்கியவரையும் காணோம், வண்டியையும் காணோம்.

ஜாமீனில் வந்தவரை யாராவது விடுதலையானவர் என்பார்களா? வண்டிக்கும் அதே கதைதான். ‘ப்ராப்பர்ட்டி ரிட்டர்ன் பெட்டிஷன்’ போட்டு வாங்குவது இடைக்காலப் பொறுப்பு மட்டுமே. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 451-வது பிரிவு, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 497-வது பிரிவாகியிருக்கிறது. எண் மாறினாலும் அடிப்படைச் சங்கதி மாறவில்லை. விற்காதே, உருவத்தை மாற்றாதே, கேட்டபோது கொண்டுவந்து நிறுத்து என்று நிபந்தனை போட்டு, பாண்டும் சூரிட்டியும் வாங்கிக்கொண்டுதான் மாஜிஸ்திரேட் சாவியைக் கொடுக்கச் சொல்கிறார். கையெழுத்துப் போட்ட தாளைப் படிக்காதவருக்கு என்ன சொல்ல?

இதைவிடப் பெரிய குழி இன்னொன்று. குற்ற வழக்கு ஒரு தடம், பறிமுதல் வேறு தடம். 1937-ஆம் ஆண்டின் தமிழ்நாடு மதுவிலக்குச் சட்டம், 14(4)-வது பிரிவில், வண்டியை அரசுடைமையாக்கும் அதிகாரத்தை அதிகாரியிடம் தந்திருக்கிறது. உரிமையாளருக்கு நோட்டீஸ் கொடுத்து, விளக்கம் கேட்ட பிறகே அவர் அதைச் செய்ய முடியும். நோட்டீஸ் வரும். வண்டிதான் வீட்டு வாசலில் நிற்கிறதே என்று அதைத் தலையணைக்கடியில் வைத்துவிடுகிறார்கள். பதில் போகாவிட்டால் ஒருதலையாக உத்தரவு வரும். அப்போது அழுது பயனில்லை.

நேரெதிர் வதந்தி ஒன்றும் உலவுகிறது: சாராயத்தோடு பிடிபட்ட வண்டி திரும்பவே திரும்பாது என்று. சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் 2002-லேயே உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது: வாகனங்களை ஸ்டேஷனில் நீண்ட காலம் போட்டுவைத்துப் பயனில்லை, தகுந்த பாண்டு வாங்கி உடனே உத்தரவு போடுங்கள். அந்த வழக்கே எப்படி வந்தது தெரியுமா? காவலில் இருந்த பொருட்களை மாற்றியும் ஏலம் விட்டும் மோசடி செய்ததாகக் குஜராத் போலீஸ்காரர்கள் மீதே குற்றச்சாட்டு!

அதற்காக எந்த மாநிலத்திலும் கோர்ட் கொடுத்துவிடும் என்றும் நினைக்காதீர்கள். டெல்லி கலால் சட்டம் நீதிமன்றங்களின் கையைக் கட்டியிருக்கிறது. நரேந்தர் வழக்கில் உயர் நீதிமன்றம் வண்டியை விடுவித்தது செல்லாது என்று 2014-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பிகாரில் 2022 திருத்தத்துக்குப் பிறகு அபராதம் கட்டி மீட்கும் வழி உண்டு. அந்தந்த மாநிலச் சட்டத்தைப் பார்க்காமல் வாட்ஸ்அப் தீர்ப்பை நம்பி வழக்கு நடத்தக் கூடாது.

மற்றவை சில்லறை. ‘நான் குற்றவாளி இல்லை, அதனால் வண்டியைக் கேட்க முடியாது’ என்பது தவறு. ஆர்.சி. புக் யார் பெயரில் இருக்கிறதோ அவர்தான் கேட்க வேண்டும். இன்ஸ்பெக்டரிடம் எழுதிக் கொடுத்தால் போதும் என்பதும் தவறு, உத்தரவு போடுவது கோர்ட். பாட்டில்களையும் திருப்பிக் கேட்கலாமா என்று ஒருவர் கேட்டார்! மாதிரி எடுத்துக்கொண்டு மீதியை அழித்துவிடுவார்கள், ஐயா.

இவ்வளவு சொன்ன பிறகு என் பழைய புலம்பலையும் சேர்த்துக்கொள்கிறேன். பொருள் கோர்ட்டில் ஆஜர்படுத்தப்பட்ட 14 நாளில் விவரப் பட்டியல், புகைப்படம், அதன்பின் 30 நாளில் உத்தரவு என்று 497-வது பிரிவு கெடு வைத்திருக்கிறது. செல்போனிலேயே படம் எடுக்கலாம், அது சாட்சியமாகும். பிறகு ஏன் ஸ்டேஷன் வாசலில் எருக்கஞ்செடி முளைத்த டி.வி.எஸ். ஃபிஃப்டிகள்? வக்கீல்களே இந்தக் கெடுவை மனுவில் எழுதுவதில்லை. வண்டி பிடிபட்ட வாரமே மஹஜர் நகல், ஆர்.சி., இன்சூரன்ஸ் மூன்றையும் எடுத்துக்கொண்டு வாருங்கள். பறிமுதல் நோட்டீஸ் வந்திருந்தால் அதையும், உறையோடு.