சுருக்கென்று ஒரு வலி

நஞ்சன்கூடு என்றதும் தமிழகத்துப் பெரியோர் பலருக்கும் நினைவில் எழுவது இளஞ்சிவப்புப் பல்பொடியே. 1913ஆம் ஆண்டில் பி. வி. பண்டிதர் இவ்வூரில் நிறுவிய சத்வைத்தியசாலை அதனைச் செய்தளித்தது. கபினி ஆற்றங்கரையில் கோயில் கொண்ட நஞ்சுண்டேசுவரரையும் மக்கள் நோய் தீர்ப்பவர் என்றே போற்றுவர். திப்பு சுல்தான் அவரை 'ஹக்கீம் நஞ்சுண்டா' என்றழைத்தார் என்பது வழிவழிச் செய்தி. ஹக்கீம் என்றால் மருத்துவர்.

பல்லின் மேற்பூச்சாகிய எனாமலுக்கு உணர்வு இல்லை. அது தேய்ந்தாலோ சொத்தையானாலோ அதன் அடியிலுள்ள பகுதி வெளிப்படும். அப்பகுதி முழுவதும் நுண்குழாய்கள். குளிர்ந்த நீர் பட்டதும் அவற்றினுள் இருக்கும் நீர்மம் அசைந்து நரம்பைத் தூண்டுகிறது. பல் 'சுரீர்' என்கிறது.

முள் குத்தினால் வலி இருமுறை வருவதைக் கவனித்தவர் சிலரே. முதலில் 'சுருக்'கென்று ஒரு குத்தல். பின்னர் மெல்லப் பரவும் கடுப்பு. உறை போர்த்த நரம்பிழைகள் நொடிக்கு 5 முதல் 30 மீட்டர் வேகத்தில் செய்தியைக் கொண்டு செல்கின்றன. உறையற்ற மெல்லிழைகளில் அது நொடிக்கு 2 மீட்டர் அளவைத் தாண்டுவதில்லை.

வயிற்று வலியோ இடத்தை எளிதில் காட்டிக்கொடுக்காது. குடல்வால் வீங்கினால் வலி பெரும்பாலும் தொப்புளைச் சுற்றித் தொடங்கி, சில மணி நேரத்தில் வலப்பக்க அடிவயிற்றுக்கு இறங்கும். சிறுநீரகக் கல்லின் வலி விலாவின் பின்புறத்திலிருந்து தொடை இடுக்கு வரை அலையலையாகப் பாயும். மாரடைப்பு இடத்தோளிலோ தாடையிலோ வலிப்பதும் உண்டு. உள்ளுறுப்பின் நரம்பும் தோலின் நரம்பும் தண்டுவடத்தில் ஒரே பகுதியில் சேர்வதால், மூளை இடத்தை மாற்றி உணர்கிறது. திருநாவுக்கரசர் வயிற்றில் உற்ற துன்பத்தைப் பெரியபுராணம் 'சூலை' என்கிறது. சூலத்தால் குத்துவது போன்ற நோய் என்பது அப்பெயரின் கருத்து.

ஆகவே மருத்துவருக்கு நோயாளியின் சொல் மிகவும் தேவை. ஊரிலிருந்து வந்த பாட்டி "வயிறு முறுக்குது" என்றால் அவர் ஐயுறும் நோய் ஒன்று. "குத்துது" என்றால் வேறொன்று. பேரன் இரண்டையும் "ஹொட்டெ நோவு" என்று கன்னடத்தில் மாற்றிவிட்டால் பாதிச் செய்தி மருத்துவரைச் சேராது. (நோவு தமிழிலும் உள்ள சொல்லே.) காதுக்குக் குடைச்சல், கால்களுக்கு உளைச்சல், கழுத்துக்குச் சுளுக்கு, இடுப்புக்குப் பிடிப்பு, சீழ் கட்டிய விரல் 'விண்விண்' என்று தெறிக்கும். வலி எப்போது தொடங்கியது, எங்கே நகர்ந்தது, உடன் காய்ச்சலோ வாந்தியோ உண்டா என்பவற்றையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

பயிற்சி: வீட்டிலுள்ள பெரியவர் ஒருவரிடம் வலியைக் குறிக்கும் ஐந்து சொற்களைக் கேட்டு எழுதுக. ஒவ்வொன்றும் உடலின் எவ்விடத்திற்கு உரியது எனக் குறிப்பிடுக.