மணப்பந்தலுக்கு வாராத சுற்றத்தார்



திரிசரணம் ஏற்ற குடும்பத்தில் திருமணம் நிச்சயமாகும்போது மகிழ்ச்சியோடு ஒரு கவலையும் சேர்ந்தே வருகின்றது. யார் வருவர், யார் வாரார் என்பதே அக்கவலை. சித்தூர், திருப்பதிப் பகுதிகளில் இது இன்னும் மிகுதி. இங்குள்ள நம் உறவினர் பலர்க்குத் திருமலை வேங்கடவரே குலதெய்வம். திருமணமெனில் நேர்த்திக்கடன், புரோகிதர், ஓமத்தீ ஆகிய மூன்றும் வேண்டும் என்பது அவர்கள் எண்ணம். புத்தர் திருவுருவின் முன் பஞ்சசீலம் ஏற்று மாலை மாற்றிக்கொள்வதைத் திருமணமென்று ஒப்ப அவர்கள் மனம் இடங்கொடுப்பதில்லை. அத்தகையோரிடம் நாம் நடந்துகொள்ள வேண்டிய முறையை இப்பாடத்தில் ஆராய்வோம்.

முதற்கண், வர இயலாதவர் வேறு, வர மறுப்பவர் வேறு என்பதை உணர்க. சித்தூர் 1911-இல் தனி ஜில்லாவாவதற்கு முன் அதன் பெரும்பகுதி வட ஆர்க்காட்டைச் சேர்ந்தது. ஆதலின் நம் சுற்றம் வேலூரிலும், சென்னையிலும், பண்டித அயோத்திதாசர் 1898-இல் தொடங்கிய சாக்கிய பௌத்த சங்கம் வேரூன்றிய கோலார் தங்கவயலிலும் பரவியுள்ளது. தங்கவயற் சுரங்கம் 2001-இல் மூடப்பட்டபின், அங்குள்ளோர் பலர் வேலைக்காகத் தொலைவூர்களுக்கு நாள்தோறும் சென்று மீள்கின்றனர். ஒரு நாள் விடுப்பு எடுத்தால் ஒரு நாட் கூலி போயிற்று. ஆலையில் உழைத்த காலத்தில் நாமும் அவ்வாறு சில பந்தல்களைத் தவறவிட்டதுண்டு. மொய் எழுதக் கையிற் பணமின்றி வெட்கி வாராதவரும் உண்டு. இவர்களை, நம்மை மதியாதவர் என்று எண்ணுதல் பொய்க்கணக்கு. காரணத்தைக் கேட்டறியுமுன் வருந்துவதும் வைவதும் தகா.

இனி, வர மறுப்பவரைக் குறித்துப் பேசுவோம்.

ஒருமுறை சித்தூரில் நாம் நடத்திவைக்கச் சென்ற திருமணத்திற்கு, திருப்பதியில் வாழும் மணமகளின் தாய்மாமன், “ஐயரும் அக்கினியும் இல்லாத பந்தலில் கால் வையேன்” என்று சொல்லியனுப்பினார். தாய்மாமன் சீரின்றி மகள் மணையேறுவதா என்று தாயார் கண்ணீர் வடித்தார். “ஐயா, விடியுமுன் ஒரு புரோகிதரை வைத்து அரைமணியில் சடங்கை முடித்துவிட்டால் என் தம்பி வந்துவிடுவான். பிறகு உங்கள் முறைப்படி நடத்துங்கள், யாருக்கும் தெரியவேண்டாம்” என்று வேண்டினார்.

“அம்மா, 1956 அக்டோபர் 14 அன்று நாகபுரியில் டாக்டர் அம்பேத்கர் அளித்த இருபத்திரண்டு உறுதிமொழிகளுள், பிராமணரைக் கொண்டு சடங்கு செய்விக்கலாகாது என்பதும் ஒன்று. உங்கள் மகள் அதை ஏற்றவள். தம்பியின் வரவு பெரிதுதான். ஆனால் மகளின் வாய்மையை விற்று அதை வாங்கலாமா?” என்றோம். தாயார் நெடுநேரம் பேசவில்லை. பின்பு, “அப்படியே நடக்கட்டும்” என்றார். மாமன் நிற்க வேண்டிய இடத்தில் வேறொருவரையும் நிறுத்தாமல், அவருக்குரிய தாம்பூலத் தட்டை மட்டும் தனியே எடுத்து வைத்தோம்.

சுற்றத்தார் வாராவிடில் திருமணம் செல்லாதோ என்று சிலர் அஞ்சுகின்றனர். அவ்வச்சம் வேண்டா. 1955-ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டம் பௌத்தருக்கும் பொருந்தும். மணமகளுக்குப் பதினெட்டும் மணமகனுக்கு இருபத்தொன்றும் நிரம்பியிருத்தல் வேண்டும். 1954-ஆம் ஆண்டின் சிறப்புத் திருமணச் சட்டப்படி மணப்போர், முப்பது நாள் அறிவிப்புக்குப் பின் மூன்று சாட்சிகளுடன் மணக்கலாம். வயதுவந்த இருவர் இசைந்தால் குடும்பத்தாரின் இசைவு தேவையில்லை என்று 2018-இல் சக்தி வாகினி வழக்கில் உச்சநீதிமன்றமும் உரைத்தது. ஆனால் ஒன்றை மறவற்க. சுயமரியாதைத் திருமணத்திற்கு 1967-இல் தமிழ்நாடு செய்த சட்டத்திருத்தம் ஆந்திரத்திலுள்ள நமக்கு உதவாது. எனவே திருமணத்தைத் தவறாது பதிவு செய்க. டாக்டர் அம்பேத்கரே 1948 ஏப்ரல் 15 அன்று டெல்லியில் தம் இல்லத்தில் மிகச் சிலர் முன்னிலையில் பதிவுத் திருமணம் செய்துகொண்டார். கூட்டம் சிறிதானதால் அம்மணம் சிறிதாகிவிடவில்லை.

சட்டம் திருமணத்தைக் காக்கும்; புண்பட்ட மனத்தை ஆற்றாது. அதற்குப் பகவன் கபிலவாஸ்து சென்ற வரலாற்றை நினைவிற் கொள்க. ஞானம் பெற்றபின் அவர் பிறந்த நகருக்கு வந்தபோது, மூத்த சாக்கியர், வயதில் இளையவரை வணங்குவதா என்று செருக்குற்றனர். மறுநாள் உணவிற்கு அவரை அழைத்தாரும் இலர். அவரோ சினவாது வீதியில் வீடுதோறும் பிச்சை ஏற்றார். பின்னர் அரண்மனையில் எல்லோரும் வந்து வணங்க, யசோதரை மட்டும் தன் அறையை விட்டு வரவில்லை. “ஏன் வரவில்லை?” என்று பகவன் ஆள் அனுப்பிக் கேட்டாரில்லை. தாமே எழுந்து இரு சீடருடன் அவள் இருக்கும் அறைக்குச் சென்றார். அவள் தம் பாதம் பற்றி அழுவதைத் தடுக்கவுமில்லை. வாராதவரிடம் தாமே செல்வது பகவன் காட்டிய வழி.

மங்கல சூத்திரமும் சுற்றத்தாருக்கு உதவுதலை மங்கலங்களுள் ஒன்றாக எண்ணுகின்றது. அவர்கள் வந்து வாழ்த்துதல் அப்பட்டியலில் இல்லை. நமது மங்கலம் அவர்கள் வரவைப் பொறுத்ததன்று. அவர்களுக்கு நாம் செய்வதைப் பொறுத்தது.

ஆகவே, மறுக்கக்கூடியவரையும் நேரிற் சென்று அழையுங்கள். எம்முறையில் மணம் நடக்கும் என்பதை மறைக்காமற் சொல்லுங்கள். பந்தலில் வாராதவரைப் பழித்துப் பேசாதீர்கள். அவர்கள் வீட்டு நோய்க்கும் சாவுக்கும் முதல் ஆளாகச் செல்லுங்கள். அச்சுறுத்துவோரிடத்து மட்டும் தனியே செல்லாது சட்டத்தின் துணையை நாடுங்கள். பொறுமை என்பது அடிபடுவதன்று.

அச்சித்தூர் மணமக்கள், மணம் முடிந்த மறுநாளே அத்தாம்பூலத் தட்டுடன் பேருந்தேறித் திருப்பதி சென்றனர். மாமன் உள்ளறையிலிருந்து வெளிவரவில்லை. அத்தை தண்ணீர் கொடுத்துத் தட்டை வாங்கிக்கொண்டார். மாமன் இன்றும் முகங்கொடுத்துப் பேசுவதில்லை. ஆயினும் அவ்வீட்டுக் கதவு அவர்களுக்குத் திறந்தே இருக்கின்றது. ஆலையில் இழை அறுந்தால் கதிரைத் தூக்கி எறிவாரில்லை; அறுந்த முனையைத் தேடிப் பிணைப்பதே தொழில். ஒரு தடவையிற் பிணையாவிடில் மறுபடியும் பிணைப்போம்.

வந்தவரும் வாராதவரும் நலமுற்று வாழ்க.