பத்து லட்சம் கடன், இருபத்தோரு லட்சம் தவணை



இந்த மாதச் சுவர்ப் பத்திரிகையில் கணக்குப் பகுதி என் பங்கு. போன மாதம் மாயச்சதுரம் போட்டிருந்தார்கள். நான் அதைவிடப் பெரிய மாயம் ஒன்றை எழுதப் போகிறேன். அது வீட்டுக் கடன். இது புத்தகத்தில் இருக்கிற கணக்கு இல்லை. எங்கள் வீட்டில் இப்போது நடந்துகொண்டிருக்கிற கணக்கு.

நாங்கள் இருப்பது வாடகை வீடு. மாதம் 3,500 ரூபாய். அப்பா பால் வண்டி ஓட்டுகிறார், அம்மா பனியன் கம்பெனிக்குப் போகிறார். தாத்தா விட்டுப்போன இடத்தில் வீடு கட்ட 10 லட்சம் கடன் வாங்கலாம் என்று பேச்சு. விசாரித்துவிட்டு வந்த அப்பா, "அட சாமி, மாசம் ஒம்பதாயிரம்தான். வட்டி நூத்துக்கு முக்கால் ரூபாகூட தாண்டல. ஊருக்குள்ள ரெண்டு வட்டி, மூணு வட்டிக்கு வாங்கறாங்க"ன்னு சொன்னார். அவர் சொன்னது நிஜம்தான். வருடத்துக்கு 9 சதவீதம் என்றால் மாதத்துக்கு நூற்றுக்கு 75 பைசா. ஊரில் சொல்லும் 2 வட்டி வருடத்துக்கு 24 சதவீதம் ஆகிவிடும். அந்த வகையில் வங்கிக் கடன் மலிவுதான்.

ஆனால் "மாசம் எவ்வளவு" என்று கேட்டார்களே தவிர, "மொத்தம் எவ்வளவு" என்று எங்கள் வீட்டில் யாரும் கேட்கவில்லை. நான் பெருக்கிப் பார்த்தேன். தவணை 8,997 ரூபாய். 20 வருடம், அதாவது 240 மாதம். 8,997 × 240 = 21,59,280 ரூபாய். வாங்குவது 10 லட்சம், கட்டுவது 21 லட்சத்து 59 ஆயிரம். வட்டி மட்டுமே 11 லட்சத்து 59 ஆயிரம். அதாவது நாங்கள் ஒரு வீடு கட்டினால், வங்கிக்கும் ஒரு வீடு கட்டிக் கொடுத்து, மேலே ஒரு மாட்டுக் கொட்டகையும் போட்டுக் கொடுக்கிறோம்.

இங்கே ஒரு சந்தேகம் வரும். எட்டாம் வகுப்பில் தனிவட்டி படித்தோம் அல்லவா? அந்தச் சூத்திரத்தில் போட்டால் 10,00,000 × 20 × 9 / 100 = 18 லட்சம் வட்டி வருகிறது. 11 லட்சத்து 59 ஆயிரம் எப்படி வந்தது? கணக்கு டீச்சரிடம் கேட்டேன். தனிவட்டிச் சூத்திரம் கடைசி நாள் வரை அசல் அப்படியே இருப்பதாக நினைத்துக்கொள்கிறது என்றார்கள். வீட்டுக் கடனில் அப்படி இல்லை. ஒவ்வொரு மாதமும் பாக்கி எவ்வளவு இருக்கிறதோ அதற்கு மட்டும்தான் வட்டி. நாம் கட்டும் தவணையில் வட்டி போக மிச்சம் இருப்பது அசலில் கழியும். அடுத்த மாதம் அந்தக் குறைந்த அசலுக்கு வட்டி. இதைத்தான் குறைந்து வரும் இருப்பு முறை என்கிறார்கள். சில இடங்களில் வண்டிக் கடன், பொருள் கடனுக்கு மொத்தத் தொகைக்கும் கடைசி வரை ஒரே வட்டி போடுவார்கள். அங்கே 9 என்று சொன்னாலும் உண்மையில் அது 9 இல்லை, அதிகம். அதனால் சதவீதத்தைக் கேட்டால் மட்டும் போதாது, எந்த முறை என்றும் கேட்க வேண்டும்.

இப்போது முதல் மூன்று மாதம் பாருங்கள் (பைசாவை விட்டுவிட்டேன்):

முதல் மாதம்: வட்டி 7,500, அசலில் கழிவது 1,497, பாக்கி 9,98,503
இரண்டாம் மாதம்: வட்டி 7,489, அசலில் 1,508, பாக்கி 9,96,995
மூன்றாம் மாதம்: வட்டி 7,477, அசலில் 1,520, பாக்கி 9,95,475

ஒன்பதாயிரம் கொடுத்தால் கடன் ஆயிரத்து ஐந்நூறுதான் குறையுது! மீதி வட்டிக்கே போச்சு. இதைப் பார்த்த பிறகு எனக்குத் தூக்கம் வரவில்லை. ஒரு பழைய 80 பக்க நோட்டில் 240 மாதத்துக்கும் இப்படியே வரிசை போட்டேன். கால்குலேட்டர் வைத்துப் போட்டும் நாலு சாயங்காலம் ஆனது. நடுவில் ஒரு நாள் கரண்ட் போய், மெழுகுவர்த்தியில் போட்டேன். (எண்களைச் சரிபார்க்க டீச்சர் பள்ளிக் கம்ப்யூட்டரிலும் போட்டுக் காட்டினார்கள். அது ஒரு நிமிடத்தில் முடிந்துவிட்டது. அதை முதலிலேயே செய்திருக்கலாம் என்று என் தோழிகள் சிரித்தார்கள். ஆனால் கையால் போட்டதால்தான் எனக்கு உறைத்தது.)

அந்த நோட்டில் தெரிந்தவை இவை. முதல் வருடம் முழுவதும் கட்டுவது 1 லட்சத்து 8 ஆயிரம் ரூபாய்க்குக் கொஞ்சம் குறைவு. அதில் கடன் குறைவது வெறும் 18,727 ரூபாய். ஐந்து வருடம் ஆன பிறகும் பாக்கி 8 லட்சத்து 87 ஆயிரம். பத்து வருடத்தில் 10 லட்சத்து 79 ஆயிரம் கட்டியிருப்போம், அதாவது வாங்கினதைவிட அதிகம். அப்போதும் பாக்கி 7 லட்சத்து 10 ஆயிரம் நிற்கும். தவணையில் அசல் பங்கு வட்டிப் பங்கை முதல் தடவையாக முந்துவது 149ஆவது மாதத்தில். கடன் பாதியாகக் குறைவது 168ஆவது மாதத்தில், அதாவது சரியாகப் பதினாலு வருடம் முடியும்போது. எனக்கு இப்போது வயது 14. நான் பிறந்த நாளிலிருந்து இன்றைக்கு வரை கட்டியிருந்தால் பாதிக் கடன் தீர்ந்திருக்கும். இந்தக் கடன் முடியும்போது எனக்கு 34 வயது, அப்பாவுக்கு 63.

வங்கி ஏமாற்றுகிறது என்று நான் சொல்லவில்லை. பாக்கிக்குத்தான் வட்டி போடுகிறார்கள், அது நியாயம்தான். முதலில் பாக்கி அதிகம், அதனால் வட்டி அதிகம். நாம்தான் தவணையைப் பார்த்து, அதுதான் விலை என்று நினைத்துக்கொள்கிறோம்.

விலை உண்மையில் வருடத்தில் இருக்கிறது. இதே 10 லட்சத்தை, இதே 9 சதவீதத்துக்கு 15 வருடத்தில் கட்டினால் தவணை 10,143. மாதம் 1,146 ரூபாய் கூட. ஆனால் மொத்தம் சுமார் 18 லட்சத்து 26 ஆயிரம். 3 லட்சத்து 33 ஆயிரம் மிச்சம். மாறாக, "தவணை கஷ்டமா இருக்கு, 30 வருசமா போட்டுக் குடுங்க" என்று கேட்டால் தவணை 8,046 ஆகும். மாதம் 951 ரூபாய்தான் குறைகிறது. மொத்தமோ சுமார் 28 லட்சத்து 97 ஆயிரம்! அந்த 951 ரூபாய் சௌகரியத்துக்கு 7 லட்சத்துக்கு மேல் விலை.

இன்னொரு ஆபத்தும் இருக்கிறது. பெரும்பாலான வீட்டுக் கடனில் வட்டி நிலையாக இருக்காது, ஏறும் இறங்கும். ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கொடுக்கும் குறுகிய காலக் கடனின் வட்டிக்கு ரெப்போ விகிதம் என்று பெயர். 2022 மே மாதத்துக்கு முன் அது 4 சதவீதம். 2023 பிப்ரவரிக்குள் 6.50 ஆகிவிட்டது. 2025இல் மறுபடியும் இறக்கினார்கள். அது ஏறினால் நம் வட்டியும் ஏறும். அப்போது பல பேருக்குத் தவணை ஏறுவதில்லை, அதனால் ஒன்றும் ஆகவில்லை என்று நினைப்பார்கள். ஏறுவது மாதங்களின் எண்ணிக்கை! எங்கள் கணக்கில் ஆரம்பத்திலேயே வட்டி 9இலிருந்து 10 ஆகி, தவணையை மட்டும் 8,997ஆகவே வைத்தால், 240 மாதம் என்பது 314 மாதத்துக்கு மேல் போகிறது. 26 வருடம்! ஒரே ஒரு சதவீதம்தான் ஏறியது. இதனால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டிலும் கொஞ்சமா என்று கடன்காரரைக் கேட்க வேண்டும். நமக்குத் தெரிந்தால்தானே பதில் சொல்ல முடியும்.

கடனோடு வரும் சில்லறைச் செலவுகள் சில்லறை இல்லை. விண்ணப்பக் கட்டணம், வக்கீல் பத்திரம் பார்க்க, இன்ஜினியர் மதிப்புப் போட, வில்லங்கச் சான்று, பத்திரத்தை அடமானம் வைத்ததைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய. அப்புறம் காப்பீடு. "கையிலிருந்து கட்ட வேண்டாம், கடனிலேயே சேர்த்துக்கலாம்" என்பார்கள். 30,000 ரூபாய் காப்பீட்டை அப்படிச் சேர்த்தால் 20 வருடத்தில் அதற்குக் கட்டுவது 64,780 ரூபாய். கட்டாயமா என்று கேட்டு, வேண்டுமென்றால் கைக்காசில் கட்டுவது நல்லது. வங்கி முழுச் செலவுக்கும் கடன் தராது என்பதும் முக்கியம். மீதிக்கு ஊரில் 2 வட்டிக்கு ஒரு லட்சம் வாங்கினால் மாதம் 2,000 வட்டி. ஐந்து வருடத்தில் 1,20,000 கொடுத்த பிறகும் அந்த ஒரு லட்சம் அப்படியே உட்கார்ந்திருக்கும்.

தவணை நின்றால்? 90 நாளுக்கு மேல் கட்டாவிட்டால் அது வாராக்கடன். 2002இல் வந்த சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் கொடுத்து, கோர்ட்டில் வழக்குப் போடாமலே வீட்டை எடுக்க நடவடிக்கை தொடங்கலாம். பால் வண்டி ஓட்டுகிறவருக்குக் கை கால் உடைந்தால் மூன்று மாதம் ஒரு பெரிய காலமா?

இதையெல்லாம் அப்பாவிடம் சொன்னபோது, "அப்ப வாடகை வீட்லயே கெடக்கச் சொல்றியா?" என்று கேட்டார். அந்தக் கேள்வியும் நியாயம்தான். அதையும் போட்டுப் பார்த்தேன். 3,500 வாடகை ஏறவே ஏறாமல் இருந்தால் 20 வருடத்தில் 8 லட்சத்து 40 ஆயிரம். வருடம் 5 சதவீதம் ஏறினால் சுமார் 13 லட்சத்து 89 ஆயிரம். முடிவில் நம் கையில் ஒன்றும் இருக்காது. கடனில் 21 லட்சத்து 59 ஆயிரம் போனாலும் வீடு இருக்கும். 20 வருடம் கழித்து ஒன்பதாயிரம் இன்று போலப் பெரிய பணமாகவும் இருக்காது. அம்மா சின்ன வயதில் ஐம்பது பைசாவுக்கு வாங்கின தேன்மிட்டாய் கதையை இப்போதும் சொல்வார். அதனால் கடன் வாங்கவே கூடாது என்று என் கணக்கு சொல்லவில்லை. எவ்வளவு வாங்குவது, எத்தனை வருடம் என்பதைத்தான் சொல்கிறது. ஒரு அறையைப் பிறகு கட்டிக்கொண்டால் 10 லட்சம் 8 லட்சமாகும். எனக்கு அந்த அறை இல்லாவிட்டாலும் பரவாயில்லை. நான் பிளஸ் டூ முடிக்கிற வருடம்தான் வட்டி அதிகமாகப் போகிற காலத்தில் வருகிறது, காலேஜ் பீஸும் அப்போதுதான் வரும்.

நோட்டில் நான் கண்டுபிடித்ததில் எனக்கு ரொம்பப் பிடித்தது இது. அம்மாவுக்குத் தீபாவளிக்கு போனஸ் வரும். முதல் வருடம் முடியும்போது அதில் 10,000 ரூபாயைத் தவணைக்கு மேலே அசலில் கட்டினால், கடைசியில் 6 தவணை குறைகிறது. 10,000 போட்டால் சுமார் 54,000 கட்ட வேண்டியதில்லை! அதே 10,000ஐப் பத்தொன்பதாம் வருடக் கடைசியில் கட்டினால் ஒரு தவணைக்குச் சற்று மேலேதான் குறையும். ஒரே பணம்தான், கட்டுகிற நேரம்தான் வேறு. மாறும் வட்டி வீட்டுக் கடனை இப்படி முன்கூட்டிக் கட்டினால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012இலேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. ஆனால் கட்டும்போது "தவணையைக் குறைக்க வேண்டாம், மாதங்களைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுக்க வேண்டும்.

கடன் முழுக்க முடிந்ததும் நம் மூலப்பத்திரத்தை 30 நாளுக்குள் திருப்பித் தர வேண்டும். அவர்களால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் நமக்குக் கொடுக்க வேண்டும். இது 2023 டிசம்பர் 1 முதல் இருக்கிறது. இதை அப்பாவிடம் சொன்னதும் முதல் தடவையாகச் சிரித்தார்.

நோட்டை அப்பா வாங்கி வண்டியில் வைத்துக்கொண்டார். அடுத்த வாரம் வங்கிக்குப் போகும்போது 8 லட்சத்துக்கு 15 வருடம் போட்டால் எவ்வளவு என்று கேட்கப் போகிறாராம். என்னையும் கூட்டிப் போகச் சொல்லியிருக்கிறேன். சனிக்கிழமை என்றால் சரி என்றார்.

போட்டுப் பார்க்க ஒரு கணக்கு: ஒரு லட்ச ரூபாய் கடன், வருடத்துக்கு 12 சதவீதம், மாதம் 2,000 ரூபாய் கட்டுகிறோம். மூன்று மாதம் கழித்துப் பாக்கி எவ்வளவு? 96,969 ரூபாய் 90 பைசா வந்தால் சரி. 94,000 என்று வந்தவர்கள் மதிய இடைவேளையில் என்னிடம் வாருங்கள், வேப்பமரத்தடியில் சொல்லித் தருகிறேன்.

இப்படிக்கு,
9ஆம் வகுப்பு 'அ' பிரிவு மாணவி