இறந்தவரைச் சார்ந்திருந்தவர் யார்? தொழிலாளர் இழப்பீடு பற்றி ஒரு விளக்கம்

 

வேலை செய்யும் இடத்தில் விபத்தில் ஒருவர் மவுத்தாகிவிட்டால், இழப்பீடு கேட்டு நம் அறக்கட்டளைக்கு வரும் குடும்பத்தார் கையில் பெரும்பாலும் வாரிசுச் சான்றிதழ் மட்டுமே இருக்கிறது. அது தேவைதான், ஆனால் அது மட்டும் போதாது. தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டம், 1923 வாரிசு யார் என்று பார்ப்பதில்லை. இறந்தவரின் சம்பாத்தியத்தைச் சார்ந்திருந்தவர் யார் என்றே பார்க்கிறது.

உறவைக் காட்டினாலே போதும்: மனைவி, 18 வயது நிரம்பாத மகன், திருமணமாகாத மகள், கணவரை இழந்த தாய். தத்துப் பிள்ளைகளும் இதில் சேருவர். மனைவிக்கு முக்கிய ஆதாரம் நிக்காஹ் பதிவு. ஜமாஅத் தஃப்தரில் ஒரு பெயர், ஆதாரில் வேறு பெயர் என்று இருந்தால் வழக்கு இழுபடும். இன்றே சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

சார்ந்திருந்ததை நிரூபிக்க வேண்டும்: தந்தை, கணவர் உயிரோடிருக்கும் தாய், 18 வயது நிரம்பாத தம்பி, விதவை மருமகள் போன்றோர். இவர்கள் ஓரளவு சார்ந்திருந்தாலும் போதும். அத்தாவுக்குச் சிறு கடை வருமானம் இருக்கிறது என்பதாலேயே அவர் உரிமை போய்விடாது. மகன் மாதாமாதம் பணம் அனுப்பிய வங்கிக் கணக்கு விவரம், அவர் கட்டிய வாடகை ரசீது, மருந்துச் சீட்டு, ஒரே ரேஷன் கார்டு ஆகியவை சாட்சியாகும். பணத்தைக் கையில் கொடுத்து வந்திருந்தால், அதை அறிந்த அக்கம்பக்கத்தார் சாட்சி சொல்லலாம்.

உடல்நலத்தோடு உள்ள 18 வயது கடந்த மகனும் அண்ணனும் இந்தப் பட்டியலில் இல்லை. இத்தொகை மையித் விட்டுச்சென்ற மீராஸ் சொத்தாகப் பங்கிடப்படுவதில்லை. சார்ந்தோரில் யாருக்கு எவ்வளவு என்பதை இழப்பீட்டு ஆணையரே தீர்மானிப்பார். இதை அறியாமல் ஜனாஸா முடிந்த வீட்டில் சண்டை மூள்வது வேதனைக்குரியது. எத்தீமின் பொருளில் கை வைப்பதை நம் மார்க்கம் எவ்வளவு கடுமையாகத் தடுத்திருக்கிறது என்பதை நாம் அறிவோம்.

தொகை எவ்வளவு? மாதச் சம்பளத்தில் பாதியை வயதுக்குரிய எண்ணால் பெருக்க வேண்டும். கணக்கில் கொள்ளப்படும் உச்ச சம்பளம் 2020 முதல் ரூ.15,000. வயது 40 என்றால் எண் 184.17. அதன்படி 7,500 × 184.17 = ரூ.13,81,275. ஆகவே, "ஒரு லட்சம் தருகிறோம், கையெழுத்துப் போடுங்கள்" என்று முதலாளி தரப்பில் வந்தால் அவசரப்படாதீர்கள். மரண இழப்பீட்டை ஆணையரிடம்தான் செலுத்த வேண்டும். நேரடியாகக் கொடுத்தது, மூன்று மாதச் சம்பளம் வரையிலான முன்பணம் தவிர, இழப்பீடாகக் கருதப்படாது.

கவனிக்க: இறந்தவர் ஈ.எஸ்.ஐ.யில் பதிவானவர் என்றால், சார்ந்தோருக்கான மாத உதவித்தொகையை ஈ.எஸ்.ஐ.யிடமே கேட்க வேண்டும். 2025 நவம்பர் 21 முதல் பழைய சட்டத்தின் இடத்தில் சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டம், 2020 வந்துள்ளது. சார்ந்தோர் பட்டியலின் அடிப்படை மாறவில்லை. மனுவை இரண்டு ஆண்டுகளுக்குள் கொடுத்துவிட வேண்டும். சகோதரி இத்தாவில் இருக்கும் நான்கு மாதம் பத்து நாட்களிலேயே எஃப்.ஐ.ஆர்., பிரேதப் பரிசோதனை அறிக்கை, இறப்புச் சான்றிதழ், சம்பள ஆதாரம் ஆகியவற்றைக் குடும்பத்து ஆண்கள் திரட்டி வைக்கலாம்.

மனு எழுத உதவி தேவைப்படுவோர் தயங்காமல் நம் அலுவலகத்துக்கு வாருங்கள். உழைத்து மறைந்தவர்களின் மண்ணறையை அல்லாஹ் ஒளிமயமாக்குவானாக. ஆமீன்.