வடைச்சட்டியில் கேட்கும் சடசடப்பு

ஈரோட்டிலிருந்து கோயம்புத்தூர் செல்லும் ரயில் பாதையில், திருப்பூருக்கு முன்னதாக வரும் ஊர் ஊத்துக்குளி. வெண்ணெய்க்கும் நெய்க்கும் பெயர் பெற்ற ஊர் அது. அங்கே மட்டுமல்ல, நம் வீடுகள் பலவற்றிலும் நெய் உருக்கும்போது ஒரு கொத்து முருங்கைக்கீரையைப் போடுவார்கள். வெண்ணெய் முதலில் சடசடவென்று பொரியும். சற்று நேரத்தில் ஓசை அடங்கும். கீரை மொறுமொறுப்பாகிவிடும். உடனே அம்மா பாத்திரத்தை இறக்கிவிடுவார். அடியில் தங்கிய கீரைக்குப் பிள்ளைகளிடையே போட்டி நடக்கும்!

அந்த ஓசை எதனால் உண்டாகிறது? அது அடங்கியதும் ஏன் இறக்க வேண்டும்? இதற்கு விடை கண்டுவிட்டால், ஜப்பானியர் விரும்பி உண்ணும் 'டெம்புரா' என்னும் பலகாரத்தையும் நம் வீட்டிலேயே செய்துவிடலாம்.

பேசுவது எண்ணெயா, நீரா?

வெண்ணெயில் சுமார் ஆறில் ஒரு பங்கு நீர் இருக்கிறது. சூடேறும்போது இந்த நீர் கொதித்து நீராவிக் குமிழிகளாக வெளியேறுகிறது. குமிழிகள் உடையும் ஓசைதான் சடசடப்பு. ஒரு கிராம் நீரை 0 பாகையிலிருந்து 100 பாகை செல்சியஸுக்குச் சூடாக்க 100 கலோரி வெப்பம் போதும். ஆனால் கொதிக்கும் அந்த நீரை ஆவியாக்க மேலும் 540 கலோரி வேண்டும். ஆகவே நீர் உள்ளவரை அடுப்பின் வெப்பத்தில் பெரும்பகுதி அதை ஆவியாக்கவே செலவாகிறது. வெப்பநிலையும் 100 பாகையை ஒட்டியே நிற்கிறது. நீர் தீர்ந்ததும் வெப்பநிலை விரைந்து ஏறி, நெய் கருகத் தொடங்கும். ஓசை அடங்குவது நமக்குக் கிடைக்கும் எச்சரிக்கை!

பொரித்தல் என்பது எண்ணெயைப் புகுத்துவது அன்று. நீரை வெளியேற்றுவதே ஆகும். எண்ணெய் வெப்பத்தைக் கொண்டு சேர்க்கும் வேலையைச் செய்கிறது. முருங்கைக்கீரை மொறுமொறுப்பானதும் அதிலிருந்த நீர் போனதால்தான்.

கடல் கடந்த பஜ்ஜி

போர்த்துகீசியர் 1543இல் ஜப்பானை அடைந்தனர். மாவில் தோய்த்துப் பொரிக்கும் முறை அவர்கள் வழியாகவே அங்கு பரவியது என்று கருதப்படுகிறது. மிளகாயை நம் நாட்டுக்குக் கொண்டுவந்தவர்களும் அவர்களே. டெம்புராவும் நம் மிளகாய் பஜ்ஜியும் ஒருவகையில் உறவுதான்!

ஆனால் மாவு வேறு. பஜ்ஜிக்குக் கடலை மாவு. டெம்புராவுக்குக் கோதுமை மாவு. கோதுமை மாவில் நீர் சேர்த்துப் பிசைந்தால் அதிலுள்ள புரதங்கள் இணைந்து 'குளூட்டன்' என்னும் மீள்தன்மையுள்ள வலையாகின்றன. பரோட்டா மாவு இழுபடுவது இதனால்தான். பரோட்டாவுக்கு நல்லதான இந்த வலை டெம்புராவுக்கு ஆகாது. மேலுறை தடித்து ரப்பர் போலாகிவிடும். குளிர்ந்த நீரில் வலை மெதுவாகவே உருவாகும். அதனால் ஜப்பானியர் மிகக் குளிர்ந்த நீரை ஊற்றி, மாவை அரைகுறையாகவே கலக்குகிறார்கள். கடலை மாவில் குளூட்டன் இல்லை. ஆகவே பஜ்ஜி மாவை எவ்வளவு கரைத்தாலும் கவலையில்லை.

செய்து பாருங்கள்

(பெரியவர் ஒருவர் அடுப்பருகே இருக்கும்போது மட்டும்!)

1. கத்தரிக்காய், சர்க்கரைவள்ளிக்கிழங்கு, பூசணிக்காய் ஆகியவற்றை மெல்லிய வில்லைகளாக நறுக்குங்கள். முருங்கைக்கீரைக் கொத்தும் இருக்கட்டும். எல்லாவற்றின் ஈரத்தையும் துணியால் ஒற்றி எடுங்கள்.

2. ஒரு முட்டையை அடித்து, ஒரு கப் குளிர்ந்த நீரில் கலந்து, ஒரு கப் மைதாவைச் சேருங்கள். முட்டை வேண்டாதவர்கள் மைதாவில் கால் பங்கைக் குறைத்து அரிசி மாவு சேர்க்கலாம். நான்கைந்து முறை கிளறினால் போதும். சிறு கட்டிகள் இருக்கலாம். நீரைக் குளிர்விக்கப் போட்ட பனிக்கட்டியை மறவாமல் வடித்துவிடுங்கள்.

3. காய்ந்த எண்ணெயில் ஒரு சொட்டு மாவு விடுங்கள். அடியில் போய்த் தங்கினால் சூடு போதாது. பாதி வரை இறங்கி மேலே வந்தால் ஏறத்தாழ 170 முதல் 180 பாகை; இதுவே தக்க சூடு. இறங்காமல் மேலேயே சிவந்தால் சூடு மிகுதி.

4. வில்லைகளை மாவில் தோய்த்து, ஒரு முறைக்கு மூன்று நான்காகப் போடுங்கள். அதிகம் போட்டால் எண்ணெய் குளிர்ந்துவிடும். முதலில் பெருங்குமிழிகளும் பலத்த ஓசையும் எழும். பிறகு குமிழி சிறுத்து ஓசை மெலியும். அப்போது எடுத்துவிடுங்கள்.

எண்ணெய் குடிப்பது எப்போது?

வேகும்போது உள்ளிருந்து நீராவி வெளியே தள்ளிக்கொண்டிருப்பதால் எண்ணெய் எளிதில் உள்ளே புக முடியாது. எடுத்த பிறகு ஆறும்போது, நுண்துளைகளிலுள்ள நீராவி குளிர்ந்து நீராகிறது. உள்ளே அழுத்தம் குறைகிறது. வெளிக்காற்றின் அழுத்தம் மேலே ஒட்டியுள்ள எண்ணெயை உள்ளே தள்ளுகிறது. நீராவி நிறைந்த தகர டப்பாவை மூடிக் குளிர்வித்தால் நசுங்குமே, அதே தத்துவம்! பஜ்ஜி எண்ணெயைப் பெரும்பாலும் சட்டியில் குடிப்பதில்லை, தட்டில்தான் குடிக்கிறது. எனவே ஜல்லிக்கரண்டியில் எடுத்தவுடன், சூடு ஆறுமுன் எண்ணெயை நன்றாக வடியவிட வேண்டும்.

உயிர் காக்கும் ஒரு செய்தி

நீர் ஆவியாகும்போது அதன் பருமன் ஏறக்குறைய 1,700 மடங்கு பெருகும். எண்ணெயில் தீப்பிடித்தால் பதற்றத்தில் நீரை ஊற்றுவோர் உண்டு. எண்ணெயைவிட அடர்த்தி மிகுந்த நீர் அடியில் இறங்கி, நொடியில் ஆவியாகி, எரியும் எண்ணெயை நாற்புறமும் வீசியெறியும். அடுப்பை அணைத்து, உலோக மூடியால் சட்டியை மூடுங்கள். காற்று இல்லையேல் தீ இல்லை. ஆறும்வரை மூடியைத் திறக்காதீர்கள். வீட்டில் உள்ளவர்களுக்கும் இதை இன்றே சொல்லிவையுங்கள்.

சிந்தியுங்கள்

1. நன்கு காய்ந்த அப்பளம் ஏன் சில நொடிகளிலேயே பொரிந்துவிடுகிறது?
2. நீரில் எவ்வளவு நேரம் வேகவைத்தாலும் உருளைக்கிழங்கு சிவப்பதில்லை. எண்ணெயில் சிவக்கிறது. ஏன்?